வடமேற்கு எல்லை மாகாணத்தின் வரலாற்றைப் படிப்பது எப்படி?

இன்று கைபர் பக்தூன்க்வா என்று அழைக்கப்படும் பாகிஸ்தானின் வடமேற்கு மாகாணத்தைப் பற்றித் தமிழில் படிக்க முனைபவருக்குப் பெரும்பாலும் இரண்டு சித்திரங்களே கிடைக்கின்றன. ஒன்று, எல்லை காந்தி என்று நாம் அறிந்த கான் அப்துல் கஃபார் கானும் அவருடைய செஞ்சட்டைத் தொண்டர்களும். மற்றொன்று, 2001க்குப் பிறகு தொலைக்காட்சிச் செய்திகளில் இடம்பெற்ற குண்டுவெடிப்புகளும் ராணுவ நடவடிக்கைகளும். அகிம்சை இயக்கம் ஒன்றும் ஆயுதக் குழுக்கள் பலவும் ஒரே நிலப்பரப்பில் எப்படித் தோன்றின என்று கேட்டால், மலைவாழ் மக்களின் குணமே அப்படித்தான் என்ற சோம்பலான பதிலைப் பல நூல்கள் தந்துவிடுகின்றன. இந்தப் பதிலைத் தவிர்த்து, மாகாணத்தின் கடந்த காலத்தையும் பொது வாழ்க்கையையும் முறையாகப் படிக்க விரும்புபவருக்காக இந்த வழிகாட்டி எழுதப்படுகிறது.

வழிமுறையின் மையம் ஒன்றுதான். இந்த மாகாணம் 1901 முதல் 2018 வரை ஒரே ஆட்சியின் கீழ் இருந்ததுபோல் தோன்றினாலும், உள்ளுக்குள் இரண்டு வெவ்வேறு சட்டங்களால் ஆளப்பட்டது. ஆகவே எந்த நிகழ்ச்சியைப் படித்தாலும், எந்தப் புள்ளிவிவரத்தைப் பார்த்தாலும், அது இவ்விரு சட்டங்களின் பகுதிகளைப் பிரித்த கோட்டின் எந்தப் பக்கத்தைச் சேர்ந்தது என்று முதலில் கேட்டுக்கொள்ள வேண்டும்.

வரைபடத்தில் இரண்டு கோடுகள்

புத்தகத்தைத் திறப்பதற்கு முன்பு ஒரு வரைபடத்தை எடுத்துக்கொண்டு, அதில் இரண்டு கோடுகளை வரைந்துகொள்ளுங்கள். முதலாவது, 1893 நவம்பரில் காபூலில் மார்ட்டிமர் டியூரண்டும் ஆப்கானிய அமீர் அப்துர் ரஹ்மான் கானும் செய்துகொண்ட உடன்பாட்டின்படி அமைந்த டியூரண்ட் கோடு. இது எல்லாருக்கும் தெரிந்தது. ஆப்கானிய அரசுகள் இதைச் சர்வதேச எல்லையாக ஏற்க மறுத்துவருவதால் இன்றும் செய்தியில் அடிபடுகிறது. இரண்டாவது கோடு அதற்குக் கிழக்கே, மலையடிவாரத்தை ஒட்டி, ஏறத்தாழ வடக்குத் தெற்காக ஓடியது. நேரடி ஆட்சிக்கு உட்பட்ட மாவட்டங்களையும் பழங்குடிப் பகுதிகளையும் பிரித்த நிர்வாக எல்லை அது. பெரும்பாலான வரைபடங்களில் இது மங்கலான புள்ளிக்கோடாகவே இருக்கும்; சிலவற்றில் இருக்கவே இருக்காது. ஆனால் மாகாணத்தின் அரசியலை ஒரு நூற்றாண்டுக்கு மேலாகத் தீர்மானித்தது இந்த இரண்டாம் கோடுதான் என்பது என் கருத்து.

நிர்வாக எல்லைக்குக் கிழக்கே ஹசாரா, பெஷாவர், கோஹாட், பன்னு, தேரா இஸ்மாயில் கான் என்னும் ஐந்து மாவட்டங்கள் இருந்தன. பின்னர் 1937இல் பெஷாவர் மாவட்டத்திலிருந்து மர்தான் தனி மாவட்டமானது. இங்கு நிலவரி வசூல், நீதிமன்றம், காவல் நிலையம், பள்ளிக்கூடம் எல்லாம் பிரிட்டிஷ் இந்தியாவின் மற்ற பகுதிகளைப் போலவே இயங்கின. மேற்கே, இரண்டு கோடுகளுக்கும் நடுவில், மலாக்கண்ட், கைபர், குர்ரம், வட வஜீரிஸ்தான், தென் வஜீரிஸ்தான் என்னும் ஏஜென்சிகள் இருந்தன. இங்கே வரி இல்லை, வழக்கமான நீதிமன்றம் இல்லை. பொலிட்டிகல் ஏஜென்ட் என்ற ஒரே அதிகாரி, மாலிக்குகள் எனப்படும் குலத்தலைவர்களுக்கு உதவித்தொகை கொடுத்தும், அது பலிக்காதபோது தண்டித்தும் காரியத்தை நடத்தினார். இவற்றோடு சித்ரால், தீர், ஸ்வாத், அம்ப் ஆகிய சமஸ்தானங்களையும் தனி நிறத்தில் குறித்துக்கொள்வது நல்லது. ஸ்வாத்தில் வாலி என்று அழைக்கப்பட்ட அரசரின் ஆட்சி 1969 வரை நீடித்தது என்பதை அறியாமல், அங்கு 1990களில் எழுந்த ஷரியத் சட்டக் கோரிக்கையைப் புரிந்துகொள்வது கடினம்.

வரைபடத்தை மூடுவதற்கு முன்பு மொழிகளையும் எழுதிக்கொள்ளுங்கள். மாகாணம் முழுவதும் பஷ்தூன்களின் நாடு என்ற எண்ணம் பரவலாக இருக்கிறது. ஆனால் ஹசாராவிலும் பெஷாவர் நகரின் பழைய தெருக்களிலும் ஹிந்த்கோ பேசப்படுகிறது. தேரா இஸ்மாயில் கானில் சராய்க்கி, சித்ராலில் கோவார். இந்த விவரம் இப்போது சிறியதாகத் தோன்றலாம். மாகாணத்தின் பெயர் மாறிய 2010ஆம் ஆண்டுக்கு வரும்போது இதன் கனம் தெரியும்.

1901க்கு முன் எவ்வளவு படிக்க வேண்டும்?

மிகுதியாக வேண்டாம். காந்தாரக் கலை, புருஷபுரம் என்ற பழைய பெஷாவர், கனிஷ்கரின் தூபி, ஷாபாஸ்கடியிலும் மான்சேராவிலும் கரோஷ்டி எழுத்தில் உள்ள அசோகரின் பாறைக் கல்வெட்டுகள், 1980இல் உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவிக்கப்பட்ட தக்த்-இ-பாஹி விகாரம் ஆகியவை தனியாகப் படிக்க வேண்டிய பெரும் பொருள். அவற்றில் இறங்கினால் நவீன காலத்துக்கு வந்துசேர மாட்டோம். பெஷாவர் அருங்காட்சியகத்தின் காந்தாரத் தொகுப்பைப் பற்றி நல்ல அறிமுகம் ஒன்றைப் படித்துவிட்டு நகர்ந்துவிடலாம்.

ஆனால் 19ஆம் நூற்றாண்டின் சில தேதிகளை விடக்கூடாது. ரஞ்சித் சிங்கின் படை 1823இல் நௌஷேராவில் வென்றது. 1834இல் பெஷாவர் சீக்கியர் வசமானது. 1837இல் ஜம்ரூதில் ஹரி சிங் நல்வா கொல்லப்பட்டார். 1849இல் பஞ்சாபை இணைத்துக்கொண்டபோது பிரிட்டிஷார் இந்த மாவட்டங்களையும் சேர்த்தே பெற்றார்கள். அதாவது நிர்வாக எல்லையை ஆங்கிலேயர் வெறுமையிலிருந்து கண்டுபிடிக்கவில்லை. சீக்கியர் வரி வசூலிக்க முடிந்த இடம் எதுவோ, அதுவே ஏறத்தாழ அவர்களுடைய தொடக்கமாக அமைந்தது. 1897இல் மலாக்கண்ட் முதல் திரா வரை பழங்குடிகள் கிளர்ந்தெழுந்தார்கள். அவர்களை அடக்க நடந்த பெரும் படையெடுப்புகளின் செலவும் களைப்புமே, லாகூரில் இருந்த பஞ்சாப் அரசிடமிருந்து எல்லை விவகாரத்தைப் பிரித்தெடுக்க வைஸ்ராய் கர்சனைத் தூண்டின. 1901 நவம்பர் 9 அன்று வடமேற்கு எல்லை மாகாணம் உருவானது. முதல் தலைமை ஆணையர் ஹரோல்ட் டீன். மாகாணம் பிறந்த காரணம் அங்கு வாழ்ந்த மக்களின் வேண்டுகோள் அன்று, இந்தியப் பேரரசின் பாதுகாப்புக் கணக்கு என்பதை ஓரத்தில் குறித்துக்கொள்ளுங்கள்.

சட்டத்திலிருந்து தொடங்குங்கள்

பெரும்பாலான வாசகர்கள் போர்களிலிருந்து தொடங்குகிறார்கள். நான் பரிந்துரைப்பது எல்லைக் குற்ற ஒழுங்குமுறைச் சட்டம். 1872இலும் 1887இலும் வெளிவந்த பழைய வடிவங்களைத் திருத்தி 1901இல் இறுதி செய்யப்பட்ட இந்தச் சட்டத்தின் பிரதியைத் தேடிப் பிடித்து, மூன்று இடங்களையாவது முழுமையாக வாசிக்க வேண்டும்.

முதலாவது, வழக்கை நீதிமன்றத்துக்கு அனுப்பாமல் மூத்தோர் சபையான ஜிர்காவுக்கு அனுப்பும் ஏற்பாடு. பஷ்தூன்களின் மரபில் ஜிர்கா என்பது சம்பந்தப்பட்டவர்கள் கூடிப் பேசி முடிவெடுக்கும் அவை. சட்டத்தின் ஜிர்காவிலோ உறுப்பினர்களை நியமித்தவரும் அதிகாரி, அதன் தீர்ப்பை ஏற்பதா விடுவதா என்று முடிவு செய்தவரும் அதிகாரி. பெயர் ஒன்றாக இருப்பதால் இவ்விரண்டையும் கலந்துவிடுவது மிகச் சாதாரணமாக நடக்கிறது. இரண்டாவது, 21ஆம் பிரிவு. ஒரு குலத்தைச் சேர்ந்த சிலர் குற்றம் செய்தால் அந்தக் குலத்தின் மற்றவர்களைப் பிடித்துவைக்கவும், அவர்களுடைய சொத்தைக் கைப்பற்றவும், அவர்கள் பிரிட்டிஷ் எல்லைக்குள் வருவதைத் தடுக்கவும் இப்பிரிவு அனுமதித்தது. அடுத்துவரும் பிரிவுகள் கிராமம் முழுவதற்கும் கூட்டு அபராதம் விதிக்க வழிசெய்தன. மூன்றாவது, நன்னடத்தைக்குப் பிணை கேட்டு, கொடுக்க முடியாதவரைச் சிறையில் அடைக்க உதவிய 40ஆம் பிரிவு. இது விடுதலைப் போராட்டக் காலத்தில் அரசியல் தொண்டர்கள்மீது தாராளமாகப் பாய்ந்தது.

இந்தச் சட்டம் மலைப்பகுதிகளுக்கு மட்டுமே உரியது என்று பலர் எழுதியிருக்கிறார்கள். பிரிட்டிஷ் காலத்தில் சமவெளி மாவட்டங்களிலும் பஷ்தூன்கள்மீதும் பலூச்சிகள்மீதும் இதைப் பயன்படுத்த முடிந்தது. அதாவது சட்டப்படி ஆளப்பட்ட பக்கத்திலும் விதிவிலக்கான சட்டத்தின் நிழல் இருந்தது. மாகாணத்துக்குள் எழுந்த முதல் பெரும் அரசியல் குறையும் இதுவே. மாண்டேகு–செம்ஸ்ஃபோர்டு சீர்திருத்தங்கள் பிற மாகாணங்களுக்குச் சட்டமன்றத்தையும் அமைச்சர்களையும் கொடுத்தபோது இந்த மாகாணம் விலக்கிவைக்கப்பட்டது. டெனிஸ் பிரே தலைமையில் ஒரு குழு அமர்ந்து ஆராய்ந்த பிறகும் உடனடியாகப் பலன் இல்லை. ஆளுநர் மாகாணம் என்ற தகுதி 1932இல்தான் கிடைத்தது. அந்த ஆண்டு எப்படி வந்தது என்பதற்கு இரண்டு ஆண்டுகள் பின்னோக்கிப் போக வேண்டும்.

செஞ்சட்டைகளும் அவர்களுக்கு எதிரே இருந்த கான்களும்

சார்சத்தாவுக்கு அருகே உத்மான்சாய் கிராமத்தில் நிலவுடைமைக் குடும்பத்தில் பிறந்த அப்துல் கஃபார் கான், 1910இல் பள்ளிக்கூடம் தொடங்கியதிலிருந்து படிப்பது நல்லது. 1921இல் ஆப்கானியர் சீர்திருத்தச் சங்கம், 1928இல் பக்தூன் என்ற பஷ்தோ இதழ், 1929இல் செஞ்சட்டையினர் என்று அறியப்பட்ட குதாய் கித்மத்கார் அமைப்பு என்ற வரிசையைப் பார்த்தால், இந்த இயக்கம் காங்கிரஸிடமிருந்து கடன் வாங்கிய ஒன்று என்ற எண்ணம் கலைந்துவிடும். கல்வி, வீண்செலவு ஒழிப்பு, குடும்பப் பகையை நிறுத்துதல் என்று உள்ளூர்ப் பிரச்சினைகளிலிருந்தே அது வளர்ந்தது. காங்கிரஸோடு முறையாக இணைந்தது 1931இல்தான்.

அதற்கு எதிர்த்தரப்பையும் சேர்த்துப் படியுங்கள். பெஷாவர்ச் சமவெளியில் கான்கள் எனப்பட்ட பெரிய நிலப்பிரபுக்களுக்கு அரசு நிலமானியமும் பட்டமும் கௌரவ மாஜிஸ்திரேட் பதவியும் கொடுத்து வைத்திருந்தது. சிறு நிலக்காரர்களும் குத்தகைதாரர்களும் கைவினைஞர்களும் இயக்கத்தில் திரண்டதற்கு நாட்டுப்பற்றோடு இந்த ஏற்றத்தாழ்வும் காரணம். கஃபார் கானின் அண்ணன் டாக்டர் கான் சாகிபின் காங்கிரஸ் அமைச்சரவை 1937இல் பதவிக்கு வந்து கௌரவ மாஜிஸ்திரேட் முறையை ஒழித்ததை இந்தப் பின்னணியில்தான் வாசிக்க வேண்டும். அதே அமைச்சரவையின் காலத்தில், 1938இல் மர்தான் பகுதியிலுள்ள கல்லா தேர் கிராமத்தில் நிலப்பிரபுவை எதிர்த்த குத்தகைதாரர்கள் சிறைக்குப் போனார்கள் என்பதையும் தவறவிடக் கூடாது. புகழ்மாலையாக எழுதப்பட்ட வரலாறுகளில் இந்த நிகழ்ச்சி பெரும்பாலும் இருப்பதில்லை.

1930 ஏப்ரல் 23 அன்று பெஷாவரின் கிஸ்ஸா கவானி கடைத்தெருவில் நடந்த துப்பாக்கிச்சூட்டை, ஆவணங்களை ஒப்பிடும் பயிற்சிக்காகவே தனியாக எடுத்துக்கொள்ளலாம். அரசு சொன்ன இறப்பு எண்ணிக்கைக்கும், விட்டல்பாய் பட்டேல் தலைமையில் காங்கிரஸ் அமைத்த விசாரணைக் குழு சொன்ன எண்ணிக்கைக்கும் பல மடங்கு வேறுபாடு உண்டு. குழுவின் அறிக்கை தடைசெய்யப்பட்டது. மக்கள்மீது சுட மறுத்த கட்வால் படைப்பிரிவின் வீரர்கள்மீது ராணுவ நீதிமன்ற விசாரணை நடந்தது. அவர்களை வழிநடத்திய சந்திர சிங் கட்வாலி நீண்டகாலம் சிறையில் இருந்தார். எந்த எண் சரி என்று உடனே தீர்ப்பளிப்பதைவிட, யார் எங்கிருந்து எண்ணினார்கள், மருத்துவமனைக்குக் கொண்டுவராமல் புதைக்கப்பட்ட உடல்களை எந்தக் கணக்கு சேர்த்துக்கொண்டது என்று பார்ப்பது பயன் தரும். இந்தக் கொந்தளிப்புக்குப் பிறகே, விலக்கிவைக்கப்பட்ட மாகாணத்துக்கு 1932இல் சட்டமன்றம் வந்தது.

1947 வாக்கெடுப்பை நீங்களே கணக்கிட்டுப் பாருங்கள்

இந்தியா, பாகிஸ்தான் இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கும்படி 1947 ஜூலையில் நடந்த வாக்கெடுப்பைப் போல ஒரே எண்ணிக்கையை இரண்டு தரப்பும் தத்தம் சான்றாகக் காட்டும் இடம் வேறு இல்லை. எண்கள் இவை: வாக்காளர்கள் 5,72,798 பேர், பாகிஸ்தானுக்கு ஆதரவாக 2,89,244 வாக்குகள், இந்தியாவுக்கு ஆதரவாக 2,874 வாக்குகள். செல்லுபடியான வாக்குகளை வகுக்கும் எண்ணாக வைத்தால் பாகிஸ்தானுக்கு 99 விழுக்காடு கிடைக்கிறது. மொத்த வாக்காளர்களை வைத்தால் 50.5 விழுக்காடு. குதாய் கித்மத்கார் இயக்கம் வாக்கெடுப்பைப் புறக்கணித்தது. சுதந்திர பக்தூனிஸ்தான் என்ற மூன்றாவது தேர்வு வேண்டும் என்று 1947 ஜூன் 21 அன்று பன்னுவில் நிறைவேற்றிய தீர்மானம் ஏற்கப்படவில்லை. ஆகவே முதல் விழுக்காட்டை மட்டும் சொல்பவர் புறக்கணிப்பை மறைக்கிறார். வாக்களிக்காத பாதிப்பேரும் பாகிஸ்தானை எதிர்த்தவர்கள் என்று சொல்பவரோ, எந்தத் தேர்தலிலும் ஒரு பகுதியினர் வாக்குச்சாவடிக்கு வருவதில்லை என்ற எளிய உண்மையை மறைக்கிறார்.

இதோடு 1946 தேர்தல் முடிவையும் பக்கத்தில் வையுங்கள். ஐம்பது இடங்களில் காங்கிரஸ் 30, முஸ்லிம் லீக் 17. முஸ்லிம்களுக்கு ஒதுக்கப்பட்ட 38 இடங்களை மட்டும் பார்த்தால் காங்கிரஸ் 19, லீக் 17. முதல் கணக்கில் பெருவெற்றியாகத் தெரிவது இரண்டாவதில் மயிரிழை வித்தியாசமாகிவிடுகிறது. அந்தத் தேர்தலுக்கும் வாக்கெடுப்புக்கும் இடையில் கல்கத்தா, பீகார் கலவரங்களின் செய்தி பரவியதும், நேரு 1946 அக்டோபரில் பழங்குடிப் பகுதிகளுக்குச் சென்றபோது எழுந்த எதிர்ப்பும், லீகின் சட்டமறுப்பு இயக்கமும் காற்றைத் திருப்பின.

இப்போது பழைய கேள்வியைக் கேளுங்கள்: இந்த வாக்காளர்கள் கோட்டின் எந்தப் பக்கம்? எல்லாரும் கிழக்குப் பக்கம். வாக்கெடுப்பு மாவட்டங்களில் மட்டுமே நடந்தது. அங்கும் வாக்குரிமை எல்லாருக்கும் இருக்கவில்லை. மேற்குப் பக்கத்துப் பழங்குடிகள் பாகிஸ்தானோடு சேர்ந்தது ஜிர்காக்களும் ஒப்பந்தங்களும் மூலமாக. ஆளுநர் ஜார்ஜ் கன்னிங்ஹாம் அவர்களுடன் பேசினார், பழைய உதவித்தொகைகள் தொடரும் என்ற உறுதி தரப்பட்டது. வஜீரிஸ்தானிலிருந்து படைகள் திரும்பப் பெறப்பட்டன. புதிய நாட்டின் குடிமக்களாக ஒரு பக்கத்தாரும், உடன்படிக்கையின் மறுதரப்பாக இன்னொரு பக்கத்தாரும் உள்ளே வந்தார்கள் என்பதே 1947இலிருந்து எடுத்துச்செல்ல வேண்டிய முதன்மையான செய்தி.

ஆவணங்களை அணுகும் முறை

ஆங்கில அதிகாரிகள் நிறைய எழுதினார்கள்; நன்றாகவும் எழுதினார்கள். அதுவே ஆபத்து. மாவட்ட கெஜட்டியர்கள், ஆண்டு நிர்வாக அறிக்கைகள், ஆளுநர் வைஸ்ராய்க்கு அனுப்பிய கடிதங்கள் ஆகியவற்றின் பெரும்பகுதி லண்டனில் பிரிட்டிஷ் நூலகத்தின் இந்தியா அலுவலக ஆவணங்களிலும், புதுடில்லி தேசிய ஆவணக் காப்பகத்திலும், பெஷாவரிலுள்ள மாகாண ஆவணக் காப்பகத்திலும் இருக்கின்றன. பழைய கெஜட்டியர்கள் பலவும் இணைய நூலகங்களில் இலவசமாகப் படிக்கக் கிடைக்கின்றன. தமிழ் வாசகர் அங்கிருந்தே தொடங்கலாம். நீர்ப்பாசனம், நிலவரி, பயிர், சாலை பற்றி அவை சொல்வதைப் பெரும்பாலும் நம்பலாம். கீழ் ஸ்வாத் கால்வாயும் 1914இல் திறக்கப்பட்ட மேல் ஸ்வாத் கால்வாயும் சமவெளியின் விவசாயத்தை எப்படி மாற்றின என்பது போன்ற விஷயங்களுக்கு அவற்றைவிட நல்ல மூலம் இல்லை. ஆனால் "இந்தக் குலத்தார் நம்பத்தகாதவர்கள்" என்று அதிகாரி எழுதும் இடத்தில், சற்று முன்பு அந்தக் குலத்தாரின் உதவித்தொகை குறைக்கப்பட்டதா, அவர்களுடைய நிலத்தில் சாலை போடப்பட்டதா என்று தேடுங்கள். குணச்சித்திரம் என்று எழுதப்பட்டது பெரும்பாலும் ஒரு சச்சரவின் எச்சமாகவே இருக்கும்.

விருந்தோம்பல், அடைக்கலம், பழிவாங்கல் ஆகியவற்றைக் கொண்ட பக்தூன்வலி மரபைப் பற்றி எல்லா நூல்களிலும் ஓர் அத்தியாயம் உண்டு. அதைப் படியுங்கள், ஆனால் அதைக்கொண்டு ஒரு தேர்தல் முடிவையோ ஆயுதக் கிளர்ச்சியையோ விளக்க முற்படும் வாக்கியத்தைக் கண்டால் பென்சிலால் அடிக்கோடிட்டுச் சந்தேகக்குறி போட்டுவிடுங்கள். வஜீரிஸ்தானில் 1936 முதல் பிரிட்டிஷாரோடு மோதிய இப்பி ஃபக்கீரின் போராட்டம், பன்னு நீதிமன்றத்துக்கு வந்த மதமாற்ற வழக்கு ஒன்றிலிருந்து வெடித்தது. மரபு அதற்கு மொழியைக் கொடுத்தது. தீப்பொறி விழுந்தது கோட்டின் கிழக்குப் பக்கத்து நீதிமன்றத்தில்.

பழைய ஆங்கில ஆவணங்களில் பஷ்தூன்கள் "பதான்" என்றே குறிக்கப்படுகிறார்கள் என்பதையும், ஊர்ப்பெயர்களின் எழுத்துக்கூட்டல் ஆவணத்துக்கு ஆவணம் மாறும் என்பதையும் தேடும்போது நினைவில் வையுங்கள். உள்ளூர்க் குரலுக்குக் கஃபார் கானின் தன்வரலாறு முக்கியமானது. பஷ்தோ மொழியில் 1983இல் காபூலில் வெளியான அதன் ஆங்கில மொழிபெயர்ப்பு 2021இல் வந்தது. முதுமையில் நினைவிலிருந்து எழுதப்பட்ட நூல் என்பதால் தேதிகளுக்கு வேறு ஆவணத்தைப் பாருங்கள். மனநிலையை அறிய அதற்கு ஈடில்லை.

1947க்குப் பிறகு

டாக்டர் கான் சாகிபின் அமைச்சரவை 1947 ஆகஸ்ட் 22 அன்று, பாகிஸ்தான் பிறந்த மறு வாரமே, பெரும்பான்மை இருந்தும் பதவிநீக்கம் செய்யப்பட்டது. அடுத்து வந்த அப்துல் கய்யூம் கானின் ஆட்சியில், 1948 ஆகஸ்ட் 12 அன்று சார்சத்தா அருகே பாப்ராவில் செஞ்சட்டையினர்மீது துப்பாக்கிச்சூடு நடந்தது. அரசு கூறிய எண்ணிக்கை ஏறத்தாழ 15. இயக்கத்தினர் கூறுவது நூற்றுக்கணக்கில். கிஸ்ஸா கவானிக்குச் செய்த ஒப்பீட்டை இங்கும் செய்து பாருங்கள்.

1955 அக்டோபரில் மேற்குப் பாகிஸ்தான் முழுவதும் ஒரே அலகாக்கப்பட்டபோது மாகாணமே மறைந்தது. 1970 ஜூலை 1 அன்றுதான் மீண்டும் உயிர்பெற்றது. இந்தக் கட்டத்தில் வாசகரைக் குழப்பும் ஒரு விந்தை உண்டு. ஒற்றை அலகின் முதல் முதலமைச்சர் அதே டாக்டர் கான் சாகிப். அதைக் கடுமையாக எதிர்த்தவர்களில் ஒருவர் அவருடைய தம்பி கஃபார் கான். 1972இல் தேசியவாதிகளின் தேசிய அவாமி கட்சி ஆதரவோடு, உலமாக்கள் எனப்படும் இஸ்லாமிய மத அறிஞர்களின் கட்சித் தலைவர் முஃப்தி மஹ்மூத் முதலமைச்சரானார். பலூசிஸ்தான் அரசு கலைக்கப்பட்டதைக் கண்டித்து மறு ஆண்டே விலகினார். தேசியவாதிகளும் உலமாக்களும் சேர்ந்து ஆண்ட இந்தச் சிறு காலத்தை, இன்றைய கட்சிகளின் சண்டையை மனத்தில் வைத்துக்கொண்டு படிக்கக் கூடாது. 1979 டிசம்பரில் சோவியத் படை ஆப்கானிஸ்தானுக்குள் நுழைந்த பின் லட்சக்கணக்கான அகதிகளும் ஆயுதங்களும் வெளிநாட்டுப் பணமும் இங்கு வந்துசேர்ந்தது பற்றி எழுத்து ஏராளம். அதற்குத் தனி வழிகாட்டி தேவையில்லை.

தேவைப்படுவது மேற்குப் பக்கத்தின் சட்டநிலையைத் தொடர்ந்து கவனிப்பது. 1973 அரசியலமைப்பின் 247ஆம் உறுப்பு, குடியரசுத் தலைவர் உத்தரவிட்டால் ஒழிய நாடாளுமன்றச் சட்டம் பழங்குடிப் பகுதிகளுக்குப் பொருந்தாது என்றது. உச்ச நீதிமன்றமும் உயர் நீதிமன்றமும் அங்கு அதிகாரம் செலுத்துவதைத் தடுத்தது. வயதுவந்தோர் அனைவருக்கும் வாக்குரிமை அங்கு 1996இல்தான் வந்தது. அதுவரை வாக்களித்தவர்கள் மாலிக்குகள் மட்டுமே. அரசியல் கட்சிகள் அங்கு இயங்கச் சட்டம் அனுமதித்தது 2011இல். அதற்குள் தாலிபான் குழுக்கள் வேரூன்றிவிட்டன. மாலிக்குகள் பலர் கொல்லப்பட்டிருந்தார்கள். கட்சி நடத்தத் தடை, மசூதியில் திரளத் தடையில்லை என்ற ஏற்பாடு யாருக்கு வழிவிட்டிருக்கும் என்பதை வாசகர் தாமே ஊகிக்கலாம்.

சமவெளியின் பொது வாழ்க்கை இதே காலத்தில் வேறு பாதையில் போனது. 2002இல் மதக் கட்சிகளின் கூட்டணி, 2008இல் அவாமி தேசியக் கட்சி, 2013இல் இம்ரான் கானின் தெஹ்ரிக்-இ-இன்சாஃப் என்று வாக்காளர்கள் ஆட்சியை மாற்றிக்கொண்டே இருந்தார்கள். எந்தத் தேர்தல் முடிவையும் மக்களின் நிரந்தர மனப்போக்காக எழுதிவிடக் கூடாது என்பதற்கு இந்த வரிசையே போதும். 2010 ஏப்ரலில் அரசியலமைப்பின் 18ஆம் திருத்தம் மாகாணத்தின் பெயரைக் கைபர் பக்தூன்க்வா என்று மாற்றியபோது, முன்பு வரைபடத்தில் குறித்த ஹிந்த்கோ பேசும் ஹசாராவில் எதிர்ப்பு வெடித்தது. அபோத்தாபாத்தில் உயிர்கள் பலியாயின. தனி ஹசாரா மாகாணக் கோரிக்கை அதன்பின் அரசியலில் நிலைத்துவிட்டது. நீர்மின் வருவாயில் மாகாணத்துக்குச் சேர வேண்டிய பங்கு பற்றிய வழக்கு இன்னொரு நிரந்தரப் பொருள். தர்பேலா அணையின் மின்சாரத்துக்கு அரசியலமைப்பின் 161ஆம் உறுப்பின்படி நிகர லாபம் மாகாணத்துக்கு உரியது என்பதும், அதைக் கணக்கிடும் ஏ.ஜி.என். காஜி சூத்திரம் முழுமையாகச் செயல்படவில்லை என்பதும், யார் முதலமைச்சரானாலும் இஸ்லாமாபாத்தோடு நடத்தும் முதல் சண்டை. பெண்களின் வாக்குப் பங்கேற்பைக் கவனிக்க விரும்புபவர், பதிவான வாக்குகளில் பெண்களின் பங்கு 10 விழுக்காட்டுக்குக் குறைந்தால் தேர்தலை ரத்துசெய்ய இடமளிக்கும் 2017 தேர்தல் சட்டத்தையும், அதன்படி 2018இல் ஷாங்லா தொகுதி ஒன்றில் நடந்த மறுதேர்தலையும் சேர்த்துப் பார்க்கலாம்.

2018 மே மாதம் நிறைவேறிய 25ஆம் திருத்தம் இரண்டாவது கோட்டைச் சட்டப்படி அழித்தது. பஜௌர், மொஹ்மந்த், கைபர், ஒரக்ஸாய், குர்ரம், இரு வஜீரிஸ்தான்கள் ஆகிய ஏழு ஏஜென்சிகளும் மாவட்டங்களாயின. 2019 ஜூலை 20 அன்று அங்கு முதன்முறையாக மாகாணச் சட்டமன்றத்துக்குத் தேர்தல் நடந்தது. 16 பொதுத் தொகுதிகளும் அவற்றோடு ஒதுக்கீட்டு இடங்களும் சேர்ந்ததால் சட்டமன்றத்தின் மொத்த இடங்கள் 145 ஆயின. கஸ்ஸதார், லெவி என்ற பழைய குலக்காவலர்கள் காவல்துறையில் சேர்க்கப்பட்டார்கள். ஆனால் அதே 2019இல், ராணுவத்துக்குப் பரந்த தடுப்புக்காவல் அதிகாரத்தை மாகாணம் முழுவதற்கும் விரிக்கும் அவசரச் சட்டம் வந்தது. பெஷாவர் உயர் நீதிமன்றம் அதைச் செல்லாது என்றது, உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை நிறுத்திவைத்தது.

ஆகவே இன்றைய செய்திகளைப் பின்தொடர விரும்புபவர் மாகாண வரவுசெலவுத் திட்டத்தில் "இணைக்கப்பட்ட மாவட்டங்கள்" என்ற தலைப்பைத் தனியாகப் பார்க்க வேண்டும். தேசிய நிதிப் பகிர்விலிருந்து ஆண்டுதோறும் 3 விழுக்காடு தருவதாகச் சொல்லப்பட்டதற்குப் பிற மாகாணங்கள் இணங்காததால், அந்தத் தலைப்பின்கீழ் அறிவிக்கப்படும் தொகைக்கும் உண்மையில் வந்துசேரும் தொகைக்கும் இடையே பெரிய இடைவெளி உண்டு. அடுத்து நிலப்பதிவைப் பாருங்கள். கிழக்கு மாவட்டங்களில் பிரிட்டிஷ் காலத்திலேயே கிராமக் கணக்கரான பட்வாரியின் பதிவேட்டில் ஏறிவிட்ட நில உரிமை, மேற்கு மாவட்டங்களில் ரிவாஜ் எனப்படும் வழக்காற்றின்படி குலத்தின் பொது நினைவிலேயே பெரும்பாலும் இருந்துவந்தது. நில அளவையும் உரிமைப் பதிவும் இப்போதுதான் அங்கு மேற்கொள்ளப்படுகின்றன. ஒரு மலைச்சரிவு எந்தக் குலத்துக்கு, அங்குள்ள கனிமம் யாருக்கு, புதிய நீதிமன்றம் ஜிர்காவின் பழைய தீர்ப்பை எப்படி எடைபோடும் என்ற வழக்குகளின் செய்திகளை மாவட்ட வாரியாகத் தொகுத்துவந்தால், அந்த இரண்டாம் கோடு எந்தெந்த இடத்தில் இன்னும் அழியவில்லை என்பதை ஆவணத்தோடு காட்ட முடியும்.